ஜீவராணி சொன்னதும் சிவசாமி சொன்னதும்

"உள்ளங்கையில கற்பூரத்த ஏத்தி வச்சிக்கிட்டு, அது எரிஞ்சு முடியிற வரைக்கும் பொய்யாவே சொன்னாளாம். கையில ஒரு கொப்புளம் கெடையாதாம்."

"யாரு, அந்தத் தலைவரு பொண்டாட்டியா?"

"அவளேதான். எங்க நாத்தனா வீட்டுல பேசிக்கிட்டாங்க. குளவி கொட்டிச் செத்துச்சே, அந்தப் பொம்பளயும் இவளும் ஒரே தட்டுல தின்னவளுகளாம்."

"அடி ஆத்தே. மாரியம்மா பாத்துக்கிட்டா இருந்தா?"

"மாரியம்மாகிட்டயும் சங்கத்துக்குச் சந்தா வெட்டுறாங்களோ என்னமோ."

இரண்டு பேரும் சிரித்தார்கள். நோட்டன் பிரிட்ஜிலிருந்து கினிகத்தேனைக்கு இறங்கும் பஸ். வளைவுக்கு வளைவு ஒருத்தி மேல் ஒருத்தி சாய்ந்துகொண்டு பேசியபடி வந்தார்கள். வேறு தோட்டத்துக்காரிகள். பின் சீட்டில் ஜன்னலோரம் உட்கார்ந்திருந்தவளை அவர்களுக்குத் தெரியாது.

அவள் தன் வலது கையை மடியில் விரித்துப் பார்த்தாள். கொப்புளம் இல்லைதான். விரல் இடுக்குகளில் தேயிலைக் கொழுந்துக் கறை மட்டும் கறுத்துக் கிடந்தது. கற்பூரமும் இல்லை, கோயிலும் இல்லை. நடந்தது பட்டப்பகலில், மின்விசிறி ஓடிய ஓர் அறையில். முன்னால் குனிந்து, "அது நான்தாங்க, ஆனா அப்படி இல்லைங்க" என்று சொல்லிவிடலாமா என்று நாக்கு துடித்தது. அப்படி இல்லையென்றால் பிறகு எப்படி என்று அவர்கள் கேட்பார்களே? அதைச் சொல்ல வேண்டிவரும். நடந்ததைவிட இந்த வதந்தியே தேவலை என்று தோன்றியது ஜீவராணிக்கு. ஜன்னல் பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டாள்.

ராகலைப் பக்கத்துத் தோட்டமொன்றில் பிறந்தவள் அவள். சிவசாமிக்குக் கட்டிக்கொடுத்தபோது அவளுடைய ஆட்கள் சொன்ன பெருமை ஒன்றே ஒன்றுதான்: மாப்பிள்ளை சிங்களம் பேசுவாராம். அது சின்னப் பெருமை இல்லை. சிவசாமியின் அப்பா கினிகத்தேனை பேக்கரி ஒன்றில் மா பிசைந்தவர். மகனைக் கடைக்குப் பக்கத்துச் சிங்களப் பள்ளிக்கூடத்திலேயே போட்டுவிட்டார். தோட்டத்துக்குத் திரும்பி வந்த சிவசாமி, பொலிஸ் நிலையத்தில் போய்த் தலை குனியாமல் பேசினான். ஆஸ்பத்திரியில் நர்ஸ் அதட்டினால் இவனும் சிரித்துக்கொண்டே பதிலுக்கு அதட்டுவான். பிள்ளை பிறந்ததைப் பதிவதென்றாலும், அடையாள அட்டை எடுப்பதென்றாலும், பிணத்தை வாங்கி வருவதென்றாலும் சிவசாமி போயாக வேண்டும். தோட்டத்துக்கே அவன் வாய்தான் வாய். தொழிற்சங்கத்துக்கு அவன் தலைவராகியிராவிட்டால்தான் ஆச்சரியம்.

ஜீவராணியும் மாதர் அணித் தலைவியானாள். யாரும் தேர்ந்தெடுக்கவில்லை. தலைவர் பெண்சாதி என்பதால் அந்த வேலை அவள் தலையில் வந்து விழுந்தது.

சிவசாமி ஒரு காலத்தில் உண்மையாகவே தலைவராக இருந்தவன். சம்பளப் போராட்டமொன்றில் முன்னால் நின்றான் என்று நிர்வாகம் அவனை வேலையிலிருந்து நிறுத்தியது. மாதக்கணக்கில் வேலையில்லை. மன்னிப்புக் கேட்டால் மறுநாளே வேலை என்று ஆள் மேல் ஆள் அனுப்பினார்கள். கேட்கவில்லை. ஜீவராணி அப்போதுதான் கருக்கலைந்து எழுந்திருந்தாள். மலை ஏறினால் கண் இருட்டியது. ஒரு நாள் சம்பளம் முழுசாக விழ வேண்டுமானால் கொழுந்து இவ்வளவு எடுத்தாக வேண்டும் என்று கணக்கு உண்டு. அவளால் பாதிகூட எட்ட முடியவில்லை.

அப்போது அடுத்த நிரையில் கொழுந்தெடுத்தவள்தான் நாகலெட்சுமி. லயத்து வரிசை வீடுகளிலும் அடுத்த வீடு, ஒற்றைச் சுவர். கங்காணி தலையைத் திருப்பும் நேரம் பார்த்துத் தன் கூடையிலிருந்து அள்ளி ஜீவராணியின் கூடையில் போடுவாள்.

"வேணாம் நாகு, ஒனக்குக் கொறஞ்சிறும்."

"வாய மூடு. இருமுனா ஒன் வீட்டுக்குக் கேக்குது. சோறு மட்டும் தனித்தனியா?"

நாகுவின் புருஷன் கொழும்புக்குக் கூலி வேலைக்குப் போனவன், அங்கேயே ஒருத்தியோடு தங்கிவிட்டான். ஒரே பெண் தனுஷிகா. பிறகு ஜீவராணிக்குக் குழந்தையே தங்கவில்லை. அதனால் தனுஷிகா இரண்டு வீட்டுக்கும் பிள்ளையானாள். அம்மா அடித்தால் பெரியம்மா வீட்டுக்கு ஓடுவாள், பெரியம்மா திட்டினால் அம்மா வீட்டுக்கு. படித்தாள். சிங்களம், தமிழ் இரண்டும் நன்றாக வரும் என்பதால் கொழும்பில் ஒரு பல் வைத்தியரின் வரவேற்பு மேசையில் வேலை கிடைத்தது. ஞாயிற்றுக்கிழமை போன் எடுத்தால் அம்மாவோடு கொஞ்சம், பெரியம்மாவோடு நிறைய. நாகு சுவருக்கு அந்தப் பக்கமிருந்து கத்துவாள்: "பெத்தவ நானு. பேசுறது அங்கயா?"

இப்படி இருந்த வீடுகள்.

குளவிக் கூட்டைப் பற்றித் தேயிலை மலையில் ஒரு வழக்கம் உண்டு. கூட்டை யார் முதலில் காண்கிறாளோ, அவள் தன் தலைத்துணியில் ஒரு கீற்றைக் கிழித்துப் பக்கத்து மரத்தில் கட்டிவிட வேண்டும். அன்றிலிருந்து அந்த நிரைகளுக்குள் யாரும் இறங்க மாட்டார்கள். ஆள் வந்து கூட்டை எரித்த பிறகு, கட்டியவளே போய் அந்தத் துணியை அவிழ்ப்பாள். வேறு யாரும் தொடக் கூடாது. துணி தொங்கினால் கூடு இருக்கிறது, தொங்காவிட்டால் இல்லை. கங்காணி சொல்வதையும் அவனுக்கு மேலதிகாரியான கண்டாக்கு சொல்வதையும் நம்பாத பெண்கள் இதை நம்புவார்கள். எந்தச் சட்டத்திலும் இல்லாத இந்த ஒரு காரியத்தைத்தான் அவர்கள் தங்களுக்குள் சுத்தமாக வைத்திருந்தார்கள்.

தார் ரோட்டுக்கு மேலே, ஏழாம் நம்பர் மலையில், நிழல் மரத்தின் வேர்ப் பொந்தில் அந்தக் கூட்டை ஜீவராணிதான் கண்டாள். புதுச் சிவப்புத் துணி, மனசில்லாமல்தான் ஓரத்தைக் கிழித்தாள். நாகு கூடவே நின்று, "நல்லா எறுக்கிக் கட்டுடி, காத்துல பறந்து போயி ஒம் பேரு கெட்டுறப் போவுது" என்று கேலி செய்தாள். கங்காணியிடம் சொன்னார்கள். கங்காணி கண்டாக்கு ஐயாவிடம் சொன்னான். ஆள் அனுப்புகிறேன் என்றார். அனுப்பவில்லை.

அந்தச் சமயம் தோட்டம் பரபரப்பாக இருந்தது. தேயிலைக்குத் தரச் சான்றிதழ் கொடுக்க வெளிநாட்டிலிருந்து ஆட்கள் வருகிறார்களாம். தொழிலாளர்களைப் பத்திரமாக வைத்திருக்கிறார்களா என்றும் பார்ப்பார்களாம். தண்ணீர் ஓடும் கான்களைத் துப்புரவாக்கினார்கள். கொழுந்து நிறுக்கும் மடுவத்துக்குச் சுண்ணாம்பு அடித்தார்கள்.

வருவதற்கு முதல் நாள் சாயங்காலம், சிவசாமி கழற்றிப் போட்ட சட்டையை ஊறவைக்கப் போனவள் பையில் கைவிட்டாள். சிவப்புக் கீற்று வந்தது.

"என்னாங்க இது?"

"துணி."

"துணின்னு தெரியாமயா கேக்குறேன்? நான் கட்டுனது. கூட்ட எரிச்சிட்டாங்களா?"

சிவசாமி தேத்தண்ணியை ஊதி ஊதிக் குடித்தான். "நாளைக்கி வெள்ளக்காரங்க வர்றாங்க ஜீவா. ரோட்டுக்கு மேல செவப்பா தொங்குனா என்னா ஏதுன்னு கேப்பாங்களாம். ஒரு நாளைக்கித்தான். அவுக்கச் சொன்ன கண்டாக்கு ஐயாவே, அந்த மலைக்கி நாளைக்கி ஆளே போட மாட்டேன்னு சொல்லிட்டாரு. மறுநா நானே போயி கட்டிர்றேன்."

"நீங்க அவுக்கலாமா? அது கட்டுனவதானே அவுக்கணும்."

"சர்டிபிகேட்டு கெடச்சா லயத்துக்குப் புதுத் தகரம் வருது. தொரையே சொன்னாரு. பத்து வருசமா நான் நாக்கு தள்ளக் கேட்டுக்கிட்டு இருக்கிறது."

கூரையிலிருந்து ஒழுகும் இடத்துக்கு நேராக வைத்த பேசின் நிறைந்து வழிந்துகொண்டிருந்தது. அவள் அதைப் பார்த்தாள். "நாகுகிட்டயாவது ஒரு வார்த்த சொல்லிர்றேனே."

"சொன்னா காலையில வேல பிரிக்கிற பெரட்டுக் களத்துல அத்தன பேருக்கும் தெரிஞ்சிரும். ஒரு நாளைக்கி வாய மூடிக்கிட்டு இருக்க ஒன்னால முடியாதா?"

சுவருக்கு அந்தப் பக்கம் நாகு பூனையோடு சண்டை போடும் சத்தம் கேட்டது. மீன் தலையைத் தூக்கிக்கொண்டு ஓடிவிட்டதாம். ஜீவராணி சுவரைத் தட்டியிருக்கலாம். தட்டவில்லை. புருஷன் சொல்லைத் தட்டாத பழக்கம் என்று பிற்பாடு மனதுக்குள் சமாதானம் சொல்லிப் பார்த்தாள். அது முழு உண்மை இல்லை. தகரம் வரட்டும் என்று அவளுக்கும் இருந்தது.

மறுநாள் தலைவி என்ற முறையில் அவளைத் தொழிற்சாலை வாசலில் நிறுத்தினார்கள். சந்தனம், குங்குமம், கற்கண்டு வைத்த தட்டு கையில். வரவிருந்தவர்களின் வான் வண்டி தாமதமாயிற்று. இதற்கிடையில் கண்டாக்கு ஐயாவுக்கு வேறொரு யோசனை தோன்றிவிட்டது. ரோட்டிலிருந்து பார்த்தால் எடுப்பாகத் தெரிகிற மலை ஏழாம் நம்பர்தான். வர்ணத் துணி கட்டிய பெண்கள் அங்கே நின்று கொழுந்தெடுத்தால் படம் பிடிக்க வாகாக இருக்கும். ஆட்களை அங்கே மாற்றினார்.

கூட இருந்தவர்கள் பிறகு சொன்னது இது. நாகு மரத்தடிக்கு வந்ததும் நின்றாள். தலையை நிமிர்த்திக் கொப்பைப் பார்த்தாள். "ஜீவா அவுத்துட்டா போல" என்றாள். நிரைக்குள் இறங்கினாள்.

ஜீவராணி வெள்ளைக்காரப் பெண் ஒருத்தியின் நெற்றியில் குங்குமம் வைத்துக்கொண்டிருந்தபோது மலைப் பக்கமிருந்து கூச்சல் கேட்டது.

சிவசாமியைப் பற்றி ஒன்றைச் சொல்லாமல் விடக்கூடாது. எல்லோரும் கீழே ஓடி வந்தபோது அவன் ஒருத்தன்தான் மேலே ஓடினான். சாக்கைப் போர்த்திக்கொண்டு குளவிக்குள் புகுந்து நாகுவைத் தோளில் போட்டு ரோட்டுக்குக் கொண்டுவந்தான். முகமெல்லாம் கொட்டி ஒரு கண் மூடிப்போயிற்று. கொழுந்து லொறியில் ஏற்றிக்கொண்டு போகிற வழியிலேயே நாகு போய்விட்டாள்.

தனுஷிகா மறுநாள் விடியற்காலை கொழும்பிலிருந்து நேராக ஆஸ்பத்திரிக்கு வந்து சேர்ந்தாள். பிண அறைக்கு வெளியே ஜீவராணியின் கையைப் பிடித்துக்கொண்டு நின்றாள். அழவில்லை.

"பெரியம்மா, அங்க துணி கட்டியிருந்திச்சாமே. நீங்கதான் கட்டுனீங்களாமே."

"ஆமா கண்ணு."

"அப்ப அவங்களுக்குத் தெரிஞ்சிருக்கு. தெரிஞ்சேதான் ஆள் போட்டிருக்காங்க. யாருக்கும் தெரியாது, எங்கேயிருந்தோ வந்த குளவின்னு எழுதி முடிக்கப் பாக்குறாங்க. நீங்க விசாரணையில அத மட்டும் சொல்லுங்க பெரியம்மா. எனக்கு வேற ஒண்ணும் வேணாம்."

"சொல்றேன்டா."

யார் அவிழ்த்தது என்று பெண் கேட்கவில்லை. இவளும் சொல்லவில்லை.

அன்று காலை சிவசாமி கேட்டிருந்தான்: "என்னா சொல்லப்போற?" "நடந்தத" என்றாள். அவன் கண்ணாடி முன் நின்று ஒற்றைக் கண்ணால் பார்த்துத் தலை வாரிக்கொண்டான். சம்மதம் என்று அவள் எடுத்துக்கொண்டாள்.

திடீர் மரண விசாரணை அதிகாரி வயதானவர், முகத்தில் கனிவு இருந்தது. தமிழ் தெரியாது. மொழிபெயர்க்க யாராவது உண்டா என்று கேட்டார். யோசிக்க என்ன இருக்கிறது? கண்டாக்கு ஐயா முதற்கொண்டு எல்லோரும் சிவசாமியைக் காட்டினார்கள். இறந்தவளைக் காப்பாற்றப் போய்க் கொட்டு வாங்கியவன் என்று கேட்டதும் அதிகாரி எழுந்து அவனுக்கு நாற்காலி போடச் சொன்னார்.

"கூடு இருந்தது முன்னாடியே தெரியுமான்னு கேக்குறாரு" என்றான் சிவசாமி, அவள் முகத்தைப் பார்க்காமல்.

ஜீவராணி சொன்னாள். முழுசாகச் சொன்னாள். "தெரியுங்க ஐயா. நான்தான் கண்டேன். என் தலத்துணியக் கிழிச்சு மரத்துல கட்டுனேன். அது எங்க வழக்கம். கண்டாக்கு ஐயா வரைக்கும் சொல்லியாச்சி. எரிக்க ஆள் வரல. மொத நா சாயங்காலம் அந்தத் துணிய அவுத்திட்டாங்க. துணி இல்லாததப் பாத்துத்தான் நாகு எறங்குனா."

சிவசாமி தொண்டையைச் செருமிக்கொண்டான். அலுவலகங்களில் பேசுகிற அந்த மெதுவான குரலில், அழகான சிங்களத்தில், சொன்னான்: இறந்தவளை இவளுக்குப் பல வருஷமாகத் தெரியும், நல்ல பெண். கூட்டை யாரும் கண்டதில்லை. கண்டிருந்தால் தலைத்துணியைக் கிழித்து மரத்தில் கட்டுவது இவர்கள் வழக்கம். அங்கே துணி இருக்கவில்லை. அதனால்தான் அவள் இறங்கினாள்.

அவள் சொன்ன துணி, மரம், வழக்கம் எல்லாம் அதில் இருந்தன. ஒன்றைக்கூட அவன் விடவில்லை. உள்பக்கத்தை வெளிப்பக்கமாக்கிச் சட்டை போடுவதுபோல் திருப்பிப் போட்டிருந்தான். வாழ்நாளெல்லாம் கடைத்தெருவில் காதால் கேட்ட சிங்களம், ஒரு வார்த்தை தவறாமல் அவளுக்குப் புரிந்தது.

அதிகாரி எழுதி முடித்து நிமிர்ந்தார். "ஹரித, அம்மே?" சரிதானா அம்மா என்று கேட்டார்.

சிவசாமியின் வீங்கிய கண்ணிலிருந்து நீர் வடிந்துகொண்டிருந்தது. அழுகையா, வீக்கமா, தெரியவில்லை. இல்லை என்று ஒரு சொல் சொன்னால் போதும், இந்த அறையிலிருந்தே அவனைக் கொண்டுபோய்விடுவார்கள். துணியை அவிழ்த்த கையைத்தான் பிடிப்பார்கள். அவிழ்க்கச் சொன்ன வாய், கண்டாக்கு ஐயா, அதோ சுவரோரம் நின்று கடிகாரம் பார்த்துக்கொண்டிருக்கிறது. அவள் ஆமென்று தலையை ஆட்டினாள்.

பின்னால் பெஞ்சு கிறீச்சிட்டது.

அந்த அறையில் இரண்டு பாஷையும் தெரிந்த இன்னொருத்தி இருக்கிறாள் என்பது அவளுக்குத் தோன்றவே இல்லை. இத்தனை வருஷமும் சிங்களம் என்றால் அது சிவசாமியின் வாய். அது என்ன சொல்கிறது என்று திருப்பிச் சரிபார்க்க அந்தத் தோட்டத்தில் யாரும் இருந்ததில்லை.

தனுஷிகா எழுந்து நின்று சிங்களத்தில் பேசினாள். பெரியம்மா சொன்னது இது இல்லை என்றாள். சொன்னதை வரிவரியாகத் திருப்பிச் சொன்னாள். அதிகாரி பேனாவை வைத்துவிட்டார். அவர் நியாயமான மனிதர். மொழிபெயர்ப்பே வேண்டாம் என்று கையைக் காட்டிவிட்டு, ஜீவராணி பக்கம் திரும்பி, குழந்தையிடம் கேட்பதுபோல் ஒவ்வொரு சொல்லாகச் சிங்களத்திலேயே கேட்டார்: அம்மா, அந்த மரத்தில் சிவப்புத் துணி கட்டியிருந்ததா?

அறையே அவள் வாயைப் பார்த்தது.

"நே" என்றாள். இல்லை.

அன்றைக்கு அவள் பேசிய சிங்களம் அந்த ஒரு சொல்தான். மற்றப் பெண்களையும் கேட்டார்கள். துணியைக் கண்ணால் கண்டவர்கள் நாலைந்து பேர் இருந்தார்கள். அவர்கள் தலைவரைப் பார்த்தார்கள், தலைவர் பெண்சாதியைப் பார்த்தார்கள், தரையைப் பார்த்தார்கள். தற்செயல் மரணம் என்று எழுதிப் பிணத்தைக் கொடுத்தார்கள்.

நாகுவை எடுக்கும்போது வாய்க்கரிசி போட ஜீவராணி முன்னால் போனாள். யாரும் தடுக்கவில்லை. தனுஷிகா மட்டும் ஓர் எட்டு விலகி நின்று, ரோட்டில் போகிற யாரிடமோ சொல்வதுபோலச் சொன்னாள்:

"கொஞ்சம் தள்ளிக்கங்க, தலைவர் வீட்டம்மா."

பெரியம்மா என்ற சொல் அத்தோடு போயிற்று.

சான்றிதழ் கிடைத்தது. தகரமும் வந்தது, பாதி லயங்களுக்கு. அவளுடைய லயத்துக்கு முதலில். கூரை மாற்றிய மறுநாள் தண்ணீர் எடுக்கப் பீலிக்குப் போனவள், முன்னால் நின்ற நிஷாந்தியிடம், "தண்ணி கலங்கலா வருதே" என்றாள். நிஷாந்தி குடத்தைத் தூக்கி இடுப்பில் வைத்துக்கொண்டாள்.

"எல்லார் வீட்டுலயும் கலங்கல்தான்."

"நீயும் அன்னைக்கி அங்கதானே இருந்த நிஷாந்தி? நீயும் அந்தத் துணியக் கண்டவதானே?"

"கண்டேன். சொல்லல. ஒங்க ஊட்டுக்காரரு இல்லாட்டி எம்மகன் ஸ்கூலுக்கு யாரு பேசுறது? நாங்க கூலிக்காரப் பொம்பளைங்க, பயந்தோம். நீங்க தலைவி."

"தகரம் மட்டும் வாங்கிக்கிட்டீங்களே."

"வந்திச்சு, வாங்கிக்கிட்டோம். அதுக்காக ஒங்ககூட பேசணுமா?"

நியாயம்தான் என்று ஜீவராணிக்குப் பட்டது. அதுதான் இன்னும் வலித்தது. சிவசாமியிடம் எல்லோரும் முன்போலவே வந்து போனார்கள். யாரை வெறுத்தாலும் வாயை வெறுக்க முடியாது, அது வேண்டுமே. மிச்சமிருந்த வெறுப்பையெல்லாம் அவளிடம் இறக்கி வைத்தார்கள். புதுத் தகரத்தில் மழை விழுந்தால் வீட்டுக்குள் ஒருவர் பேசுவது ஒருவருக்குக் கேட்காது. புருஷனும் பெண்சாதியும் பேசிக்கொள்ளாமல் இருக்க அது தோதாக இருந்தது.

ஒருநாள் மழை விட்டிருந்தது. சோறு போட்டுக்கொண்டே அவள் கேட்டாள்: "நான் சொன்னத ஏங்க மாத்துனீங்க?"

சிவசாமி பிசைந்த சோற்றைத் தட்டிலேயே விட்டுவிட்டான். "மாத்துனேன். பயத்துல மாத்துனேன். ஜெயிலுக்குப் போவேன்னு நெனச்சேன். அந்தப் புள்ள எந்திரிச்சதும் எல்லாம் முடிஞ்சிச்சின்னு நான் கைய நீட்டத் தயாராத்தான் இருந்தேன். நீ ஏன் இல்லேன்ன?"

"ஒங்களுக்காகத்தான்."

"நான் கேட்டேனா?"

அவன் கத்தவில்லை. மெதுவாகத்தான் கேட்டான். இருபது வருஷத்துக்கு மேல் அவனுக்காக அவள் செய்ததெல்லாம் அந்த இரண்டு சொல்லில் தரையில் கொட்டிக் கிடந்தது. அடுத்த சனிக்கிழமை எங்கே போகிறேன் என்று சொல்லாமல் பஸ் ஏறினாள். சட்டத்தரணி யோகேஸ்வரன் சனிக்கிழமைகளில் கினிகத்தேனையில், மீராசாஹிப் புடவைக் கடைக்கு மேல் மாடியில் உட்கார்வார். அந்த பஸ்ஸில்தான் அவள் தன்னைப் பற்றிய கதையைக் கேட்டுக்கொண்டு வந்தாள்.

யோகேஸ்வரன் இளம் ஆள், தோட்டத்தில் பிறந்தவர்தான். குறுக்கே பேசாமல் முழுவதையும் கேட்டார்.

"அன்னைக்கிச் சொல்லாம இப்ப ஏம்மா சொல்றீங்க?"

"அந்தப் புள்ள என்னத் தலைவர் வீட்டம்மான்னு கூப்பிடுதுங்க ஐயா."

அவர் நாற்காலியை முன்னால் இழுத்துக்கொண்டார். "இதச் சொன்னா ஒங்க வீட்டுக்காரர் வழக்குல மாட்டுவார். பொய் சொன்னதுக்கு நீங்களும் மாட்டலாம். தெரியுமா?"

"தெரியுங்க."

"மறுபடி விசாரிக்கச் சொல்லி மனுப் போடணும்னா இறந்தவங்க மகதான் போடணும். நீங்க தனியா வந்து நின்னா, புருஷனோட சண்ட போட்டுக்கிட்டு வந்த பொம்பளன்னு கம்பெனி வக்கீல் ஒரே வரியில முடிச்சிருவார். அவங்க சேந்து வந்தாலும் ஜெயிக்கும்னு நான் சொல்ல மாட்டேன்." பிறகு, சொல்லலாமா வேண்டாமா என்று தயங்கிச் சொன்னார்: "அந்தப் பிள்ள ஏற்கெனவே இங்க வந்திச்சும்மா. நீங்க இருக்கிற இதே கதிரையிலதான் இருந்திச்சு. சாட்சி இல்லாம ஒண்ணும் செய்ய முடியாதுன்னு நான்தான் சொல்லி அனுப்புனேன். இனி இதப் பத்தி யாரும் எனக்குப் போன் கோல் எடுக்க வேணாம்னுட்டுப் போயிருச்சு."

ஜீவராணி படி இறங்கி வந்தாள். சாட்சி வந்திருக்கிறது என்று அந்தப் பெண்ணிடம் சொல்ல வேண்டும். அதைச் சொல்ல அந்தப் பெண் போனை எடுக்க வேண்டும். கருமாதி கழிந்த நாளிலிருந்து ஜீவராணி எடுத்த எந்த அழைப்புக்கும் பதில் வந்ததில்லை.

கடை வாசலில் போனுக்குப் பணம் ரீலோட் போட்டுக் கொடுத்த மீராசாஹிப், அவள் போனைப் பார்த்துக்கொண்டே நிற்பதைக் கவனித்தார். நாகுவும் அவளும் தீபாவளிக்குத் தீபாவளி சேர்ந்து வந்து சேலைக்குப் பேரம் பேசிய கடை. அவருக்கு எல்லாம் தெரியும். கேட்கவில்லை.

"மகளுக்கா எடுக்கிறீங்க தங்கச்சி?"

"எடுக்காதுங்க பாய்."

"என் போன்ல எடுங்களேன். புது நம்பர்னா யாரோன்னு எடுத்துரும். எடுத்த பொறகு வெச்சிரவா போவுது? அம்புட்டுக் கல்நெஞ்சா அந்தப் புள்ளைக்கி?"

அவர் நீட்டிய போனை ஜீவராணி வாங்கினாள். தனுஷிகாவின் எண் அவளுக்கு மனப்பாடம். முதல் எண்களை அழுத்தினாள். வேறு யாரோ என்று நினைத்து அந்தப் பெண் 'ஹலோ' என்று சொல்லும், நல்ல குரலில், பல் வைத்தியர் மேசையிலிருந்து பேசுகிற குரலில். பிறகு இவள் குரலைக் கேட்கும். அப்போது அந்தக் குரல் மாறுவதை இவள் கேட்க வேண்டும்.

அழுத்தியதை அழித்துவிட்டுப் போனைத் திருப்பிக் கொடுத்தாள்.

"வேணாங்க பாய். நான்தான்னு தெரிஞ்சே எடுக்கட்டும்."

"எடுக்கலேன்னா?"

அவள் தன் போனை எடுத்து அழுத்திக் காதில் வைத்தாள். ஹட்டன் பஸ் ஒன்று ஹோர்ன் அடித்துக்கொண்டு போயிற்று. இன்னொரு காதைக் கையால் பொத்திக்கொண்டாள். மணி போய்க்கொண்டிருந்தது. கொழும்பில் அந்த மேசையில் போன் கண்ணெதிரேதான் இருக்கும், பேர் தெரியும். என்ன பேர் போட்டு வைத்திருக்கிறாளோ, பெரியம்மா என்றா, தலைவர் வீட்டம்மா என்றா. மீராசாஹிப் ஒரு ஸ்டூலை அவள் பக்கம் நகர்த்தினார். அவள் உட்காரவில்லை.

மணி போய்க்கொண்டிருந்தது.